குளிப்பாட்டிய கை: ஹம்பி ராணிக் குளியலறையில் ஒரு குடிமகன்

1

ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டில் ராத்திரி சேலம் வண்டி ஏறி, சேலத்திலிருந்து பெங்களூர் போய், அங்கே ஹம்பி எக்ஸ்பிரஸைப் பிடித்து ஹொசபேட்டையில் இறங்கியபோது மறுநாளைக்கு மறுநாள் விடிந்திருந்தது. அங்கிருந்து டவுன் பஸ்ஸில் கமலாபுரம். பிறகு நடை. ஹம்பிக்குப் போகிறவர்கள் விருபாட்சர் கோயிலையும் விட்டலர் கோயில் கல்தேரையும் பார்க்கப் போவார்கள். நான் போனது ஒரு குளியலறையைப் பார்க்க. ‘குளிக்கிற எடத்தப் பாக்க அம்புட்டுத் தூரம் போறியா, அங்க மட்டும் தண்ணி கெடக்காக்கும்?’ என்று அம்மா கேட்டது. அங்கும் கிடக்கவில்லை.

மதுரைக்காரனுக்கு விஜயநகரம் வேற்றூர் இல்லை. 14ஆம் நூற்றாண்டில் குமார கம்பணன் படையோடு வந்ததும், 16ஆம் நூற்றாண்டில் விசுவநாத நாயக்கர் வந்து அமர்ந்ததும் அங்கிருந்துதான். 1636இல் எழும்பிய திருமலை நாயக்கர் மகாலின் வளைவுகளுக்குக் கீழே பள்ளிக்கூடச் சுற்றுலாவில் வாய்பிளந்து நின்றவர்கள் நாம். அந்த வளைவுகளின் தாய்வீட்டைத் தேடிப் போனேன் என்றும் வைத்துக்கொள்ளலாம். ஆனால் என்னைக் கிளப்பிவிட்ட விசயம் வேறு. சரித்திர நாவல்களில் வருகிற நீராடல் காட்சிகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுத உட்கார்ந்து, நகரமாட்டாமல் கிடந்தேன். இளவரசி நீராடுகிறாள். தோழியர் சூழ நிற்கிறார்கள். மரத்தின் மறைவிலிருந்து கதாநாயகன் பார்க்கிறான். அவன் தோளுக்குப் பின்னாலிருந்து வாசகன் பார்க்கிறான். தண்ணீரைச் சுமந்துவந்து ஊற்றியது யார் என்று அந்தப் பிரதிகளுக்குள் ஒருவரும் கேட்பதில்லை. கல்லிலாவது ஏதாவது மிச்சம் இருக்குமா என்று பார்க்கத்தான் போனேன்.

2

வெளியிலிருந்து பார்த்தால் ஏதோ கிட்டங்கி மாதிரி இருக்கிறது. அலங்காரம் எதுவுமற்ற சதுரக் கட்டடம், சுற்றிலும் அகழி. உள்ளே நுழைந்தால்தான் ஆள் அசந்துபோகிறோம். நாற்புறமும் வளைவுகள் வைத்த நடை, நடையின் விதானத்தில் சுதைவேலை, தொட்டியை நோக்கி நீட்டிக்கொண்டிருக்கும் சாளர மாடங்கள். நடுவே வானம் பார்த்த தொட்டி. ஏறத்தாழ 15 மீட்டர் சதுரம், 1.8 மீட்டர் ஆழம். இறங்குவதற்குப் படி. தண்ணீர் வாய்க்கால் வழியாக வந்திருக்கிறது.

‘ராணி’ என்ற பெயர் பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. இங்கே ராணிகள்தான் குளித்தார்கள் என்று சொல்ல அந்தக் கட்டடத்தில் எதுவும் இல்லை. ராஜாவும் குளித்திருக்கலாம். ஆனால் பெயருக்கு ஒரு வேலை இருக்கிறது. தமிழ்நாட்டிலிருந்து ஒரு சுற்றுலாக் கூட்டம் எனக்கு முன்னால் போய்க்கொண்டிருந்தது. வழிகாட்டி அரைகுறைத் தமிழில் சொன்னார்: ‘இங்க ராணிங்க குளிப்பாங்க சார். ராஜா அந்த மாடத்துல நின்னு பூ போடுவாரு.’ கூட்டத்தில் சிரிப்பு. அடுத்த நிமிசம் ஆண்களெல்லாம் ஒவ்வொருவராகப் போய் மாடத்தில் சாய்ந்து, கீழே எட்டிப் பார்த்து, போட்டோ எடுத்துக்கொண்டார்கள். நாவலில் மரத்துக்குப் பின்னால் நின்ற அதே ஆள். இப்போது அவனுக்கு நுழைவுச் சீட்டு இருக்கிறது.

அவர்கள் எட்டிப் பார்த்த தொட்டிக்குள் மூன்று பெண்கள் குத்தவைத்துக் களை பிடுங்கிக்கொண்டிருந்தார்கள். கல் இடுக்கில் முளைத்த புல். தலையில் துண்டு, பக்கத்தில் ஒரு பிளாஸ்டிக் கேனில் குடிதண்ணீர். அந்தக் குளியலறைக்குள் இருந்த மொத்தத் தண்ணீரும் அந்தக் கேனில் இருந்ததுதான். படத்தில் விழுகிறார்கள் என்று வழிகாட்டி கன்னடத்தில் ஏதோ சொல்ல, மூன்று பேரும் எழுந்து வளைவுக்குக் கீழே ஒதுங்கினார்கள். படம் எடுத்து முடிந்ததும் திரும்ப வந்து உட்கார்ந்தார்கள். ஒருத்திக்கும் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. பழக்கம்போல.

நான் எழுத முடியாமல் கிடந்த கட்டுரை அந்த இடத்தில் நகர ஆரம்பித்தது.

3

விஜயநகர ராஜா எப்படிக் குளித்தார் என்பதற்கு ஒரு சாட்சி உண்டு. டொமிங்கோ பயஸ் என்ற போர்ச்சுக்கீசியர். கிருஷ்ணதேவராயர் காலத்தில், 1520ஐ ஒட்டி அங்கே இருந்தவர். அவர் எழுதியதை ராபர்ட் சூவெல் ஆங்கிலத்தில் 1900இல் வெளியிட்டார். ராஜா விடியுமுன்னே எழுந்து நல்லெண்ணெய் குடிப்பார், உடம்பெல்லாம் எண்ணெய் தேய்த்துக்கொள்வார், மண்ணால் செய்த கனமான கட்டைகளைத் தூக்குவார், எண்ணெய் வியர்வையாக வெளியேறும்வரை வாள் சுழற்றுவார், மல்லனோடு மல்லுக்கட்டுவார், பிறகு குதிரையேறிச் சுற்றிவருவார். அதன்பின் குளியல். அவரைக் குளிப்பாட்டுகிறவர் ஒரு பிராமணர். ராஜா அவரைப் புனிதமானவராக மதிக்கிறார், ரொம்பவும் வேண்டப்பட்டவர், பெரிய செல்வந்தர் என்கிறார் பயஸ்.

ஆய்வாளர்கள் இந்தப் பகுதியை ராஜாவின் தேகப்பயிற்சிக்கு உதாரணமாக எடுத்துக் காட்டுவார்கள். எனக்கு அந்தக் கடைசித் தகவலில்தான் கண் நின்றது. மல்லனும்தான் ராஜாவைத் தொட்டான். மல்லன் தொட்டபின் குளியல் வருகிறது. குளிப்பாட்டும் கையோ புனிதமான கை. அந்தக் கையைக் கழுவிக்களைய இன்னொரு குளியல் தேவையில்லை. அதனால்தான் அந்தக் கைக்குச் செல்வம்.

இதே பயஸ், அந்த ராஜா வெட்டிய ஓர் ஏரியைப் பற்றியும் எழுதியிருக்கிறார். 15,000, 20,000 பேர் எறும்பு மொய்த்த மாதிரி வேலை செய்தார்களாம். கரை இரண்டு மூன்று தடவை உடைந்தது. சாமி நரபலி கேட்கிறது என்று பிராமணர்கள் சொல்ல, கோயில் வாசலில் 60 பேரின் தலையை வெட்டச் சொன்னார் ராஜா. கூடவே குதிரைகளும் எருமைகளும். அந்த ஏரித் தண்ணீர்தான் இந்தத் தொட்டிக்கு வந்தது என்று நான் சொல்லவரவில்லை. இந்த நகரத்தில் தண்ணீர் எந்த விலைக்கு வந்தது என்பதற்காகச் சொல்கிறேன். வழிகாட்டிகள் தண்ணீரில் மிதந்த பூவைச் சொல்கிறார்கள். அறுபது தலையைச் சொல்வதில்லை. சொன்னால் அடுத்த போட்டோவுக்கு யார் சாய்வார்கள்?

4

இனி என் பக்கத்துக்கு வருகிறேன். எங்கள் பூர்வீகம் மதுரைக்கு மேற்கே வைகைக் கரையில் ஒரு கிராமம். அப்பா நாவிதர். ஊரில் அப்பாவைக் ‘குடிமகன்’ என்றுதான் கூப்பிடுவார்கள். இந்தச் சொல்லுக்கு இன்று அரசியல் சட்டத்தில் இருக்கிற அர்த்தம் உங்களுக்குத் தெரியும். களத்தில் அறுவடைக்குக் குடிமகனுக்கு அளக்கிற நெல்லுக்குப் பெயர் ‘சுதந்திரம்’. நான் கதை விடவில்லை, ஊரில் கேட்டுப் பாருங்கள். குடிமகன், சுதந்திரம் என்ற இரண்டு சொற்களையும் நான் முதன்முதலில் கேட்டது பள்ளிக்கூடத்துக் கொடியேற்றத்தில் அல்ல. கூட்டிப் பெருக்கிய களத்தின் ஓரத்தில், சாக்கோடு அப்பா நின்றபோது.

ஏழெட்டு வயதில், கத்தியும் கிண்ணமும் வைத்த அடப்பத்தைத் தூக்கிக்கொண்டு அப்பா பின்னால் போவேன். பெரிய வீட்டுக்காரர் கிணற்றடியில் உட்கார்ந்திருப்பார். அப்பா தண்ணீர் தொட்டுத் தாடையில் தேய்ப்பார், மழிப்பார், அக்குள் எடுப்பார், விரல்களுக்குச் சொடக்கு எடுப்பார், தலையைப் பிடித்து இப்படியும் அப்படியும் திருப்புவார். அந்த நேரத்தில் அவர் உடம்பு முழுக்க அப்பாவின் கைக்குள் இருக்கும். எல்லாம் முடிந்ததும் அப்பா தள்ளி நிற்க வேண்டும். அவர் எழுந்து, வாளி வாளியாக இறைத்துத் தலையோடு ஊற்றிக்கொள்வார். பின் அந்த ஈரத்தோடு, எதையும் தொடாமல், கொல்லைப்புறமாக வீட்டுக்குள் போவார். ‘அப்பா, அவுக எதுக்கு இம்புட்டுத் தண்ணி ஊத்துறாக?’ என்று ஒருநாள் கேட்டேன். ‘முடி குத்தும்ல’ என்றார் அப்பா.

அப்பத்தா மருத்துவச்சி. ஊரில் பிறந்த பிள்ளைகளுக்கெல்லாம் முதல் தண்ணீர் அவள் கையால்தான். குப்புறப் போட்டுக் காலில் கிடத்தி, மூக்கைப் பிடித்துவிட்டு, வெதுவெதுவென்று ஊற்றுவாள். அந்த வீட்டில் தீட்டுக் கழிக்கிறவரைக்கும் உள்ளறை வரை போய்வருவாள். கழித்த மறுநாளிலிருந்து அவள் திண்ணையோடு சரி. அவள் குளிப்பாட்டிய பயல்கள் வளர்ந்து, அவளை ‘ஏய், இங்க வா’ என்று கூப்பிடுவார்கள். 

குளியல் என்றால் அழுக்குப் போவது என்றுதான் நமக்குச் சொல்லித்தந்திருக்கிறார்கள். ஊரில் நான் பார்த்த குளியல் அழுக்கை எடுத்தவனைக் கழுவிவிடுகிற குளியல். அப்பா மழித்து எடுத்தது அவருடைய அழுக்கை. அவர் கிணற்றடியில் கழுவி ஊற்றியது அப்பாவை. ராஜாவின் பிராமணருக்குக் கிடைத்த செல்வத்துக்கும் அப்பாவுக்குக் கிடைத்த ‘சுதந்திரத்துக்கும்’ நடுவில் இருக்கிற தூரம் இதுதான். உடம்பைத் தொடுகிற வேலைதான் இரண்டும். ஒரு கை ஒட்டிக்கொள்ள வேண்டிய கை. மற்றது ஒட்டாமல் உதிர வேண்டிய கை.

முடி குத்தும் என்பது பொய்யா என்று நண்பர்கள் கேட்கலாம். பொய் இல்லை, குத்தத்தான் செய்யும். ஆனால் முடி குத்துவதற்கு ஏன் கொல்லைப்புற வழி? துணியை ஏன் தனியே நனைத்துப்போட வேண்டும்? சாமி அறைப் பக்கம் ஏன் போகக் கூடாது? எங்கள் குடும்பம் ஆரப்பாளையத்துக்கு வந்து அப்பா கடை போட்ட பிறகு, கைக்குக் காசு வந்தது, ‘வாங்க அண்ணே’ என்று கூப்பிடும் வாடிக்கையாளர்கள் வந்தார்கள். அது பெரிய மாற்றம், குறைத்துச் சொல்லமாட்டேன். ஆனாலும் கடையிலிருந்து வீட்டுக்குப் போகிறவரை வாசலிலேயே நிறுத்தி ‘எதையும் தொடாத, நேரா பாத்ரூமுக்குப் போ’ என்று சொல்வது இன்றும் தமிழ்நாட்டில் வீட்டுக்கு வீடு கேட்கிற குரல்தான். முற்போக்குத் தோழர்கள் வீட்டிலும் கேட்டிருக்கிறேன். சாதி அங்கே சுகாதாரத்தின் குரலில் பேசுகிறது. பேசுகிறவருக்கே அது தெரியாது என்பதுதான் அதன் பலம்.

5

திரும்ப ஹம்பி. இந்தக் கட்டடத்தை முன்வைத்து இன்னொரு கதையாடலையும் உடைத்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. விஜயநகரம் என்றால் முஸ்லிம்களை எதிர்த்து நின்ற இந்து ராஜ்யம், 1565இல் தலைக்கோட்டைப் போரில் அவர்களால் அழிந்தது என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறார்கள். ராணிக் குளியலறையின் வளைவுகளும் விதானமும் அந்த வரிக்குள் அடங்க மறுக்கின்றன. அவை தக்காணத்துச் சுல்தான்களின் கட்டடங்களோடு உறவாடும் பாணி. தங்களை ‘இந்துராய சுரத்ராண’, அதாவது இந்து அரசர்களுக்குள் சுல்தான், என்று அழைத்துக்கொண்டவர்கள் இந்த ராஜாக்கள். 1439இல் அகமது கான் என்ற அதிகாரி கட்டிய பள்ளிவாசல் அதே ஊரில் நிற்கிறது. பட்டத்தையும் வளைவையும் எடுத்துக்கொள்வதில் அவர்களுக்குத் தீட்டு இல்லை.

ஆனால் ஒன்று அங்கே வந்து சேரவில்லை என்று எனக்குப் படுகிறது. அந்த வளைவுகள் புறப்பட்டுவந்த உலகத்தில் ஹமாம் என்றொரு ஏற்பாடு இருந்தது. கடைத்தெருவில் காசு கொடுத்து நுழைகிற பொதுக் குளியலறை. முன்பின் அறியாதவர்கள் ஒரே சூடான கல்லில் படுத்திருப்பார்கள், வேலையாள் வந்து முதுகு தேய்ப்பார். இஸ்தான்புல்லில் 1584இல் கட்டப்பட்ட செம்பர்லிதாஷ் ஹமாம் சமீப காலம்வரை அப்படி இயங்கிவந்திருக்கிறது. ஹமாமைச் சமத்துவபுரமாக்கிப் பேசும் உத்தேசம் எனக்கில்லை. ஆணுக்கும் பெண்ணுக்கும் தனித்தனி இடம், தேய்க்கிறவன் தேய்க்கிறவனாகவே இருந்தான், தேய்த்துக்கொள்கிறவன் எஜமானாகவே எழுந்துபோனான். ஆனால் அந்தக் கல்லைவிட்டு எழுகிறவன், தேய்த்த கையைக் கழுவ இன்னொரு குளியல் போட வேண்டியதில்லை. நம் ஊரில் குளிப்பதற்குப் பொது இடமாக ஆறும் குளமும் இருந்தன. எந்தத் துறையில் யார் இறங்குவது என்பதை ஊர் முன்கூட்டியே முடிவுசெய்து வைத்திருந்தது. தமிழில் பொதுக் குளியலறை என்பதற்கு ஒரு பழஞ்சொல்லைத் தேடினேன். பஸ் ஸ்டாண்டுக் ‘கட்டணக் குளியலறை’தான் கிடைத்தது.

பரிபாடலின் வையைப் பாடல்களில் மதுரையே ஆற்றில் இறங்குகிறது. எம்.ஏ.வில் அதைப் பொதுமையின் கொண்டாட்டமாகத்தான் எங்களுக்கு நடத்தினார்கள். கொண்டாட்டம்தான், மறுக்கவில்லை. ஆனால் அதிலேயே ஒரு பாட்டில், ஆடுகிறவர்களின் சாந்தும் பூவும் கலந்து நீரின் இயல்பே மாறிவிட்டதென்று அந்தணர் கலங்கி நிற்கிறார்கள். ஒருவன் குளித்த தண்ணீர் இன்னொருவனுக்கு ஆகாது என்கிற கலக்கம், நம் மூத்த நீராடல் பிரதிக்குள்ளேயே கரையில் நிற்கிறது.

அந்தக் கலக்கம் எவ்வளவு தூரம் போகும் என்பதை 1927 மார்ச் 20 காட்டியது. மகாத்தில் அம்பேத்கரும் ஆயிரக்கணக்கான தலித் மக்களும் சவதார் குளத்துக்கு நடந்துபோய்த் தண்ணீரை அள்ளிக் குடித்தார்கள். சாதி இந்துக்கள் பிறகு என்ன செய்தார்கள்? 108 குடம் தண்ணீரை எடுத்து வெளியே ஊற்றிவிட்டு, சாணி, கோமியம், பால், தயிர் கலந்து ஊற்றி, மந்திரம் சொல்லி, குளத்தைச் சுத்தம் செய்தார்கள். குளத்தையே குளிப்பாட்டினார்கள்! குளத்தில் எல்லோருக்கும் உரிமை உண்டு என்று பம்பாய் உயர் நீதிமன்றம் சொல்ல 1937 ஆயிற்று. மதுரையில் வைத்தியநாதய்யர் தலைமையில் கக்கனும் மற்றவர்களும் மீனாட்சி கோயிலுக்குள் நுழைந்தது 1939 ஜூலை 8. அதற்கு முன் பொற்றாமரைக் குளத்தின் படிகளை நம்மில் எத்தனை பேரின் தாத்தா பாட்டிகள் கண்ணால் கண்டிருப்பார்கள்?

6

நினைவுச்சின்னமும் குளிப்பாட்டித்தான் வைக்கப்படுகிறது. 1986இல் யுனெஸ்கோ ஹம்பியை உலகப் பாரம்பரியச் சின்னமாக்கியது. 2011 ஜூலையில் விருபாட்சர் கோயில் முன்னால் கடைவீதி மண்டபங்களில் குடியிருந்தவர்களின் வீடுகளும் கடைகளும் இடிக்கப்பட்டன. கல் மண்டபங்களைக் காப்பாற்ற வேண்டும் என்பதில் எனக்குச் சண்டையில்லை. ஆனால் சின்னம் சுத்தமாவதற்கு ஆள் வெளியேற வேண்டும் என்கிற தர்க்கத்தை நான் கிணற்றடியில் பார்த்திருக்கிறேன். தொட்டிக்குள் களை பிடுங்கியவர்களைப் படத்திலிருந்து ஒதுக்கியதும் அதே தர்க்கம்தான். தள்ளி நில்லு, வேலை முடிந்துவிட்டது.

கிளம்பும் முன் அரண்மனை வளாகத்தில் இன்னொரு நீர்நிலையைப் பார்த்தேன். கருங்கல் படிக்குளம். 1980களில் அகழ்ந்து எடுத்தது. அடுக்கடுக்காக இறங்கும் படிகள், அளவெடுத்த மாதிரி துல்லியம். நான் தேடிவந்தது அந்தக் கற்களின் மேல் இருந்தது. பல கற்களில் எழுத்தும் எண்ணும் கொத்தியிருக்கிறார்கள். எந்தத் திசை, எந்த வரிசை, எத்தனையாவது கல் என்று. கல்லை வேறெங்கோ செதுக்கிக் கொண்டுவந்து இங்கே பொருத்தியவர்கள் தங்களுக்குள் போட்டுக்கொண்ட அடையாளம். ராஜாவுக்கான சாசனம் இல்லை, சாமிக்கான தோத்திரமும் இல்லை. ‘இது இங்கே, அது அங்கே’ என்று ஒரு வேலைக்காரன் இன்னொரு வேலைக்காரனுக்குச் சொன்னது. தண்ணீர் நிறைந்து கிடந்த காலத்தில் யார் கண்ணிலும் பெரிதாகப் பட்டிருக்காது. ஐந்நூறு வருசம் கழித்தும் தண்ணீரால் கழுவ முடியாமல் கிடக்கிறது. நம் இலக்கியத்து நீராடல் காட்சிகளையும் இப்படித்தான் வாசிக்க வேண்டும் என்று நினைக்கிறேன். குளிக்கிறவளை விட்டுவிட்டு, பொருத்தியவனின் குறி எங்கே இருக்கிறது என்று தேடி.

ஊருக்கு வந்து அப்பாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அப்பாவுக்கு இப்போது கை நடுக்கம், கத்தி பிடிப்பதில்லை. ராஜா எண்ணெய் குடித்ததைக் கேட்டுச் சிரித்தார். வாள் சுழற்றியதை, மல்லுக்கட்டியதை, குதிரையேறியதை, பிராமணர் குளிப்பாட்டியதை, அவர் பணக்காரரானதை வரிசையாகச் சொல்லி முடித்தேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார்.

‘அப்ப ராசாவுக்குச் செரைச்சது யாருடா?’ என்றார்.

பயஸ் எழுதிய அந்தக் காலைப்பொழுதில் சவரம் இல்லை. அத்தனை தடவை படித்தும், அது இல்லை என்பது எனக்கு உறைக்கவே இல்லை. நாவிதன் வீட்டுப் பிள்ளை, தமிழ் எம்.ஏ., விமர்சகன். நானும் அந்த இடத்தைத் தண்ணீர் ஊற்றிக் கடந்து வந்திருக்கிறேன்.